பிள்ளை எத்தனை கிலோ? – மருந்தாளர் பதில்கள்

மாரி தொடங்கியதில் இருந்து வரும் கடிதங்களில் பெரும்பாலானவை காய்ச்சலையும், பனடோல் என்று நாங்கள் சொல்லும் பரசிற்றமோல் பாணியையும் பற்றியவை. அதனால் இந்த இதழில் பிள்ளைகளின் மருந்து அளவை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். மற்றக் கேள்விகளுக்கு அடுத்த இதழில் இடம் ஒதுக்கியிருக்கிறேன்.

கேள்வி: அக்கா, என் மகளுக்கு ஒன்றேகால் வயது. போன கிழமை கிளினிக்கில் நிறுத்தபோது 9.6 கிலோ இருந்தாள். காய்ச்சல் வந்தால் இங்கே பாமசியில் வாங்கிய பரசிற்றமோல் பாணியில் 6 மி.லீ. கொடுக்கச் சொல்லி வைத்தியர் சொல்லியிருந்தார். இப்போது கனடாவில் இருக்கும் மச்சாள் பார்சலில் குழந்தைகளுக்கான ரைலனோல் துளி மருந்து ஒன்று அனுப்பியிருக்கிறார். "அதுவும் பனடோல்தான்" என்கிறார். அதிலும் 6 மி.லீ. கொடுக்கலாமா? அம்மாவோ, "எந்தப் போத்தல் என்றாலும் ஒரு தேக்கரண்டி விடு, நாங்கள் அப்படித்தானே உங்களை வளர்த்தோம்" என்கிறார்.
– ஓர் அம்மா, கோண்டாவில்

பதில்: கூடாது தங்கச்சி. கட்டாயம் கூடாது. அந்தப் போத்தலைத் திறக்க முன் இந்தப் பதில் உங்கள் கண்ணில் பட வேண்டும் என்பதற்காகத்தான் உங்கள் கடிதத்தை முதலில் வைத்தேன்.

மச்சாள் சொன்னதில் பாதி சரி. கனடாப் போத்தலில் அசிற்றமினோஃபென் என்று எழுதியிருக்கும். அதுவும் எங்கள் பரசிற்றமோலும் ஒரே மருந்துதான். ஆனால் அடர்த்தி வேறு. இங்கே நீங்கள் வாங்கிய பாணியில் 5 மி.லீ.க்குள் 120 மி.கி. மருந்து இருக்கும். கனடாவின் குழந்தைத் துளி மருந்தில் ஒவ்வொரு மி.லீ.க்குள்ளும் 80 மி.கி., அதாவது 5 மி.லீ.க்குள் 400 மி.கி. இருக்கும். அதில் 6 மி.லீ. கொடுத்தால் 480 மி.கி. போய்விடும். பெரியவர்கள் விழுங்கும் 500 மி.கி. குளிசை ஒன்றுக்குக் கிட்ட, ஒரே தடவையில், 9.6 கிலோப் பிள்ளையின் வயிற்றுக்குள்.

வைத்தியர் 6 மி.லீ. என்று சொன்னது எங்கிருந்து வந்தது என்று பார்ப்போம். பரசிற்றமோலுக்கு ஒரு தடவைக்குக் கிலோவுக்கு 15 மி.கி. என்பது வழக்கமான அளவு. 9.6 ஐ 15 ஆல் பெருக்கினால் 144. உங்கள் மகளுக்கு ஒரு தடவைக்கு வேண்டியது 144 மி.கி. மருந்து. அது எந்த நாட்டுப் போத்தல் என்றாலும் மாறாது. மாறுவது மி.லீ. மட்டும்தான். இங்கத்தைய பாணியில் 144 ஐ 120 ஆல் பிரித்து 5 ஆல் பெருக்க, 6 மி.லீ. வருகிறது. கனடாத் துளியில் 144 ஐ 80 ஆல் பிரிக்க, 1.8 மி.லீ. வருகிறது. ஒரே பிள்ளை, ஒரே மருந்து. ஒன்றில் 6, மற்றதில் 1.8.

லண்டனில் இருந்து வரும் கல்போல் என்ற பரசிற்றமோல் பாணியிலும் இதே சிக்கல் இருக்கிறது. சின்னப் பிள்ளைகளுக்கானதில் 5 மி.லீ.க்கு 120 மி.கி., 6 வயதுக்கு மேற்பட்டவர்களுக்கானதில் 250 மி.கி. கனடாவிலேயே கொஞ்சம் வளர்ந்த பிள்ளைகளுக்கான பாணியில் 5 மி.லீ.க்கு 160 மி.கி. எங்கள் ஊரில் பார்சல் வராத வீடு குறைவு. சொக்கிலேற்றும் சம்பூவும் எந்த நாட்டில் இருந்து வந்தாலும் பயம் இல்லை. மருந்துப் போத்தல் வந்தால் மட்டும், "எத்தனை மி.லீ.க்குள் எத்தனை மி.கி.?" என்ற வரியைத் தேடி வாசித்து, அதை ஒரு பிளாஸ்ரரில் தமிழில் பெரிதாக எழுதிப் போத்தலில் ஒட்டுங்கள். அந்த வரி அழிந்து போயிருந்தால் போத்தலை எறிந்துவிடுங்கள். மச்சாள் அன்போடு அனுப்பியது என்றாலும் எறியத்தான் வேண்டும்.

இனி அம்மாவின் தேக்கரண்டி. மருந்துக் கணக்கில் ஒரு தேக்கரண்டி என்றால் 5 மி.லீ. வீட்டில் சீனி போடும் கரண்டிகளில் சில 3 மி.லீ. கூடப் பிடிக்காது, சில 7 மி.லீ.யையும் தாண்டும். பாமசியில் ஊசி இல்லாத 5 மி.லீ. சிரிஞ் கேட்டு வாங்குங்கள். விலை மிகக் குறைவு. கன்னத்தின் உட்பக்கமாகச் சிறிது சிறிதாக விட்டால் பிள்ளை துப்பாது, புரையும் ஏறாது. ஊற்றுவதற்கு முன் போத்தலை நன்றாகக் குலுக்குங்கள். மருந்து அடியில் படிந்திருந்தால் முதல் நாள் தண்ணிப் பாணியும் கடைசி நாள் கடும் மருந்தும் போகும்.

ஒரு தடவைக்கும் அடுத்த தடவைக்கும் இடையில் குறைந்தது 4 மணித்தியாலம். 24 மணித்தியாலத்தில் 4 தடவைக்கு மேல் வேண்டாம். பெரும்பாலான பிள்ளைகளுக்கு 6 மணித்தியாலத்துக்கு ஒரு தடவையே போதும்.

நிறைக்குப் போக வேண்டிய இடம் கிளினிக் கொப்பி. குடும்பநல மாது மாதாமாதம் நிறுத்துப் புள்ளி வைத்துத் தரும் அந்த வரைபடத்தைப் பலர் தடுப்பூசி நாளில் மட்டும்தான் திறக்கிறார்கள். நான் கவுண்டரில் நிற்கும்போது, "பிள்ளை எத்தனை கிலோ?" என்று கேட்டால், "மூன்று வயது மிஸ்" என்றுதான் பதில் வரும். தகப்பன்மார் வெளியில் போய் மனைவிக்குப் போன் எடுத்துக் கேட்டுக்கொண்டு வருவார்கள். கேட்டுக்கொண்டு வருகிறார்களே, அது எனக்குச் சந்தோசம். கொப்பி கையில் இல்லை என்றால் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தராசில் ஏறுங்கள், பிறகு நீங்கள் தனியே ஏறுங்கள், கழியுங்கள். அரைக் கிலோ முன்பின் வரும். ஓடித் திரிகிற பிள்ளைக்கு அது பரவாயில்லை. கைக்குழந்தைக்கு அந்த அரைக் கிலோவே பெரிது, கிளினிக் தராசுதான் வேண்டும்.

இரண்டு மாதத்துக்கு உட்பட்ட குழந்தைக்கு இந்தக் கணக்கையே போடாதீர்கள். அந்த வயதில் ஈரல் மருந்தைக் கழிக்கும் வேகம் வேறு. மூன்று மாதம் நிறையாத குழந்தைக்கு 38 பாகை செல்சியஸ் காய்ச்சல் இருந்தால் பாணியைத் தேடாமல் நேரே ஆஸ்பத்திரிக்குப் போங்கள்.

கேள்வி: மகளும் மருமகனும் வேலைக்குப் போனால் நாலு வயதுப் பேரன் என்னோடுதான். சின்னனில் அவனுக்கு ஒருக்கால் காய்ச்சலில் வலிப்பு வந்தது. அதில் இருந்து உடம்பு சுட்டாலே எனக்கு நெஞ்சு பதறும். இந்தமுறை காய்ச்சல் இறங்கவில்லை என்று மூன்று மணித்தியாலத்துக்கு ஒருக்கால் பனடோல் கொடுக்கலாமா என்று யோசித்தேன். தடிமன் பாணியும் கொடுக்கிறேன். பக்கத்து வீட்டில், பின்பக்கம் வைக்கும் குளிசை ஒன்று வைத்தால் உடனே இறங்கும் என்கிறார்கள்.
– ஓர் அம்மம்மா, சாவகச்சேரி

பதில்: அம்மா, வலிப்பைக் கண்ணால் கண்ட ஒருவரின் பயம் எப்படியிருக்கும் என்று எனக்குத் தெரியும். அந்தப் பயத்தோடுதான் பலர் கவுண்டருக்கு வருகிறார்கள். ஆனால் ஒன்றைச் சொல்லியே ஆக வேண்டும். பரசிற்றமோல் காய்ச்சல் வலிப்பைத் தடுக்காது. அது பிள்ளையின் நோவையும் அந்தரத்தையும் குறைப்பதற்கான மருந்து. சூடு முழுவதும் இறங்கி 37க்கு வர வேண்டும் என்று துரத்திக்கொண்டு போனால்தான் அளவு கூடுகிறது. பேரன் தண்ணி குடிக்கிறான், கொஞ்சம் விளையாடுகிறான் என்றால் சூடு இருந்தாலும் பொறுக்கலாம். நித்திரையில் இருப்பவனை மருந்துக்காக எழுப்பவும் வேண்டாம்.

மூன்று மணித்தியாலத்துக்கு ஒருக்கால் என்றால் ஒரு நாளில் 8 தடவை. தடவைக்குக் கிலோவுக்கு 15 மி.கி. என்றால் நாளுக்குக் கிலோவுக்கு 120 மி.கி. ஒரு நாளுக்கான எல்லை கிலோவுக்கு 60. சரியாக இரண்டு மடங்கு! ஒரே தடவையில் போத்தலைக் குடித்துவிட்ட பிள்ளையை எல்லோரும் தூக்கிக்கொண்டு ஓடுவார்கள். இரண்டு மூன்று நாளாகக் கொஞ்சம் கொஞ்சமாகக் கூடிப் போனது யாருக்கும் தெரியாது. அது ஈரலைத்தான் பிடிக்கும். அதற்கு மேல் தடிமன் பாணி. அதில் பலவற்றுக்குள் பரசிற்றமோலும் கலந்திருக்கும். லேபிளைப் பாருங்கள், அல்லது போத்தலோடு பாமசிக்குப் போய்க் கேளுங்கள். இருந்தால் அதை நிறுத்துங்கள்.

உங்கள் வீட்டில் மருந்து கொடுப்பவர்கள் இரண்டு மூன்று பேர் என்பதையும் கவனிக்க வேண்டும். காலையில் மகள் கொடுத்துவிட்டு அவசரத்தில் சொல்லாமல் வேலைக்குப் போவார், நீங்கள் பத்து மணிக்குக் கொடுப்பீர்கள். சுவரில் தொங்கும் கலண்டரில் அன்றைய நாளுக்குக் கீழே மருந்தின் பெயர், அளவு, நேரம் மூன்றையும் கொடுத்தவரே எழுதட்டும். எழுதாமல் யாரும் கொடுக்கக் கூடாது என்று வீட்டில் ஒரு சட்டம் போடுங்கள்.

பின்பக்கம் வைக்கும் குளிசை விசயத்தில் நான் மிகக் கண்டிப்பு. அதில் இரண்டு வகை உண்டு. ஒன்று பரசிற்றமோலே. வாயால் கொடுப்பதோடு அதையும் ஒரு தடவையாக எண்ண வேண்டும். மற்றது டைக்ளோஃபெனக் என்ற நோவு மருந்து. இது மாரி காலம், யாழ்ப்பாணத்தில் டெங்கு பெருகும் காலம். டெங்குவாக இருக்கக்கூடிய காய்ச்சலுக்கு டைக்ளோஃபெனக், இபுபுரோஃபென், மெஃபெனமிக் அசிட், அஸ்பிரின் எதுவுமே கூடாது. இரத்தக் கசிவைக் கூட்டும். அஸ்பிரின் எந்தக் காய்ச்சலுக்கும் பிள்ளைகளுக்குக் கூடாது. உடனே சூடு இறங்கியது என்று சந்தோசப்பட்டு, அடுத்த நாள் பிள்ளையை ஆபத்தான நிலையில் கொண்டு ஓடும் குடும்பங்கள் இருக்கின்றன. பக்கத்து வீட்டாரிடம் அன்பாகச் சொல்லுங்கள், வேண்டாம் என்று.

காய்ச்சல் மூன்றாம் நாளைத் தொட்டால் வைத்தியரிடம் காட்டி இரத்தம் பரிசோதியுங்கள். டெங்குவில் காய்ச்சல் விடும் நேரம்தான் கவனம் கூட வேண்டிய நேரம். சூடு இறங்கிய பிறகும் பேரன் சோர்ந்து கிடந்தால், விடாமல் சத்தி எடுத்தால், வயிறு நோகிறது என்றால், கை கால் குளிர்ந்தால், சலம் போவது குறைந்தால் பின்னேரம் வரை பார்த்திருக்க வேண்டாம். 1990 க்கு எடுங்கள், அம்புலன்ஸ் வரும்.

மருந்து கூடிவிட்டது என்று சந்தேகம் வந்தாலும் இதே அவசரம்தான். பிள்ளை நன்றாக விளையாடிக்கொண்டிருந்தாலும் போங்கள். முதல் நாளில் ஒன்றுமே தெரியாமல் இருக்கலாம். கூடிப்போன மருந்தை முறிக்கும் மாற்று மருந்து இருக்கிறது; 8 மணித்தியாலத்துக்குள் கொடுத்தால் மிக நன்றாக வேலை செய்யும். கொடுத்த போத்தலையும் கலண்டர்த் தாளையும் கையோடு கொண்டுபோங்கள்.

கேள்வி: நான் ஓய்வுபெற்ற அப்போதிக்கரி. எங்கள் காலத்தில் பிள்ளையின் வயதை, வயதோடு 12 ஐக் கூட்டிய தொகையால் பிரித்து, பெரியவரின் அளவால் பெருக்குவோம். யங் விதி என்போம். அது ஏன் கைவிடப்பட்டது?
– பருத்தித்துறை வாசகர்

பதில்: ஐயா, உங்கள் விதியைத் தராசு இல்லாத கிராமங்களில் எத்தனையோ பேர் நல்ல நோக்கத்தோடு கையாண்டார்கள். மருந்துகளை கிறெயின், மினிம் என்ற பழைய அளவைகளில் அளந்த காலம் அது. ஒரு கிறெயின் ஏறக்குறைய 65 மி.கி.

மூன்று வயதுப் பிள்ளைக்கு அந்த விதியைப் போட்டுப் பார்ப்போம். 3 ஐ 15 ஆல் பிரிக்க ஐந்திலொரு பங்கு. 500 மி.கி. பரசிற்றமோலில் அது 100 மி.கி. இதே மூன்று வயதில் 10 கிலோ மெலிந்த பிள்ளையும் இருக்கும், 16 கிலோ பிள்ளையும் இருக்கும். கிலோக் கணக்கில் முதல் பிள்ளைக்கு 150 மி.கி., இரண்டாவதற்கு 240. விதியின்படி இருவருக்கும் 100 மி.கி.தான். அளவு குறைந்தால் ஆபத்து இல்லை என்று தோன்றும். ஆனால் குறைந்த அளவில் காய்ச்சல் கேட்காது, தாய் பயந்து அடிக்கடி கொடுப்பார், அல்லது இன்னொரு மருந்தைத் தேடிப் போவார். மேலே அந்த அம்மம்மாவின் கடிதத்தை வாசித்தீர்கள்தானே.

இறாத்தல் நிறையை 150 ஆல் பிரிக்கும் கிளார்க் விதியும் உங்களுக்கு நினைவிருக்கும். நிறையைப் பார்த்ததால் அது ஒரு படி மேல். ஆனாலும் அதுவும் பிள்ளையைப் பெரியவரின் ஒரு துண்டாகத்தான் கணக்கெடுத்தது. இப்போது ஒவ்வொரு மருந்துக்கும் பிள்ளைகளிலேயே பார்த்து, கிலோவுக்கு இவ்வளவு என்று வகுத்திருக்கிறார்கள்.

கேள்வி: மகனுக்கு 11 வயது, 52 கிலோ. கிலோவுக்கு 15 என்றால் 780 மி.கி. ஒன்றரைப் பனடோல் கொடுக்கட்டா?
– ஒரு தகப்பன், நல்லூர்

பதில்: வேண்டாம். ஒரு குளிசை, 500 மி.கி. போதும். உடல் பருத்த பிள்ளைகளுக்குக் கிலோவால் பெருக்கிக்கொண்டே போகக் கூடாது. கொழுப்பு கூடிய அளவுக்கு ஈரல் வளர்வதில்லை. குளிசை சாதாரணப் பனடோலாக இருக்கட்டும். பனடோல் எக்ஸ்ட்ராவில் கஃபீன் கலந்திருக்கிறது, அது 12 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு இல்லை.

கேள்வி: பாடசாலையில் பூச்சிக் குளிசை கொடுக்கும்போது மெலிந்த பிள்ளைக்கும் குண்டுப் பிள்ளைக்கும் ஒரே குளிசைதான் கொடுக்கிறோம். நீங்கள் கிலோ கிலோ என்கிறீர்கள். இது பிழையில்லையா?
– ஆசிரியை, வேலணை

பதில்: பிழையில்லை ரீச்சர், கேட்டதற்கு நன்றி. மெபென்டசோல் 500 மி.கி. குளிசை குடலுக்குள்ளேயே நின்று பூச்சியோடு வேலை செய்கிறது. இரத்தத்தில் கலப்பது மிகக் குறைவு. பிள்ளை எத்தனை கிலோ என்றாலும் பூச்சி இருக்கும் இடம் குடல்தான். வயிற்றோட்டத்துக்குக் கொடுக்கும் சிங்க் குளிசையும் அப்படித்தான் வயதுக் கணக்கில் போகும்: 6 மாதத்துக்குக் கீழே நாளுக்கு 10 மி.கி., மேலே 20 மி.கி. தடிமனுக்குக் கொடுக்கும் பிரிற்றன் பாணிக்கும் வயதுப் பிரிவுதான். எந்த மருந்துக்கு எந்தக் கணக்கு என்பது லேபிளிலோ சீட்டிலோ இருக்கும். ஒன்றின் கணக்கை மற்றதற்குப் போடாமல் இருந்தால் சரி.

கேள்வி: நான் தாதியம் படிக்கிறேன். 12 கிலோப் பிள்ளைக்கு அமொக்சிசிலின், ஒரு நாளைக்குக் கிலோவுக்கு 40 மி.கி., மூன்று வேளை என்று கணக்குத் தந்தார்கள். நான் ஒரு வேளைக்கு 480 மி.கி. என்று எழுதினேன். முழுப் புள்ளியையும் வெட்டிவிட்டார்கள். பெருக்கல் சரிதானே?
– மாணவி, யாழ்ப்பாணம்

பதில்: பெருக்கல் சரி தங்கச்சி. கேள்வியை வாசித்ததில்தான் பிசகு. 480 என்பது முழு நாளுக்கு. மூன்றால் பிரித்தால் வேளைக்கு 160 மி.கி. 5 மி.லீ.க்கு 125 மி.கி. உள்ள பாணி என்றால் 6.4 மி.லீ. புள்ளி வெட்டியவர் உங்களுக்கு நல்லது செய்தார். பரசிற்றமோலை ஒரு தடவைக்கு என்று சொல்வோம், நுண்ணுயிர்க்கொல்லிகளில் பலவற்றை ஒரு நாளுக்கு என்று சொல்வோம். இரண்டும் ஒரே வாட்டில், ஒரே கட்டில் சீட்டில் இருக்கும். கணக்குப் போட முன் "நாளுக்கா, வேளைக்கா?" என்று வாய்விட்டுக் கேளுங்கள்.

இன்னும் சில விசயங்கள் உங்கள் கைக்குப் பழக வேண்டும். அரை மி.லீ. என்றால் 0.5 என்று எழுதுங்கள். பூச்சியத்தை விட்டுவிட்டுப் புள்ளியும் ஐந்தும் மட்டும் போட்டால், புள்ளி மங்கி 5 ஆகிவிடும், பத்து மடங்கு. ஒரு மி.லீ. என்றால் வெறும் 1, 1.0 என்று எழுதினால் 10 என்று வாசிக்கப்படும். விடை வந்ததும் அதை ஒருக்கால் பிள்ளையோடு வைத்துப் பாருங்கள். கைக்குழந்தைக்கு ஒரு வேளைக்குப் பாதிப் போத்தல் என்று வந்தால் எங்கோ பிழை. இன்னொருவரைக் கொண்டு சரிபார்க்கும்போது உங்கள் விடையைக் காட்டாமல் அவரையே முதலில் இருந்து போடச் சொல்லுங்கள். காட்டினால் கண் அந்த விடைக்கே போகும்.

தூளாக வரும் பாணியைக் கரைப்பதைத் தாய்மாருக்குச் சொல்லிக்கொடுப்பதும் உங்கள் வேலைதான். கொதித்து ஆறிய தண்ணியை, போத்தலில் உள்ள கோடு வரை. கோட்டுக்குக் கீழே நின்றால் ஒவ்வொரு மி.லீ.யிலும் மருந்து கூடிவிடும், நீங்கள் போட்ட நல்ல கணக்கு வீணாகிவிடும்.

கேள்வி: பனடோல் பாணி கொடுத்த உடனே பிள்ளை சத்தி எடுத்தால் திரும்பக் கொடுக்கலாமா?
– ஓர் அம்மா, மானிப்பாய்

பதில்: 30 நிமிடத்துக்குள் எடுத்தால் அதே அளவை ஒருக்கால் திரும்பக் கொடுக்கலாம். அதற்குப் பிறகு எடுத்தால் மருந்து உள்ளே போய்விட்டது என்று வைத்துக்கொண்டு அடுத்த நேரம் வரை பொறுங்கள். இரண்டாவதையும் எடுத்துவிட்டால் மூன்றாவது வேண்டாம், வைத்தியரிடம் கொண்டுபோங்கள். போகும்போது கிளினிக் கொப்பியை மறக்க வேண்டாம்.